வெயில் தாழ நட்ட கேரட்

“சாமி, எனக்கு ஒரு பதில் வேணும்” என்றார் அழகுமலை.

சாமி அடுப்புக்குள் விறகைத் தள்ளிக்கொண்டிருந்தார். திரும்பிப் பார்க்கவில்லை.

“கேள்வி யாரோடது?”

“என் மகளோடது.”

“அப்ப அவங்கதானே வந்து கேக்கணும்.”

“வர்றா சாமி. தீபாவளி கழிச்சு வர்றாளாம். வந்து என்கிட்டத்தான் கேக்கப் போறா. அதான் பயமா இருக்கு.”

சாமிக்கு வயது நாற்பதுக்குப் பக்கம். அழகுமலை எழுபதை நெருங்கிக்கொண்டிருந்தார். மகன் வயதுக்காரன் காலடியில் போய் உட்காருவதா என்று ஊரில் கேட்டார்கள்தான். கேட்கிறவர்கள் கேட்டுவிட்டுப் போகட்டும். பெண்டாட்டி வேலம்மா போய்ச் சேர்ந்த பிறகு, சோழவந்தான் வீட்டில் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்த மனுஷனுக்கு அவர்களில் ஒருத்தரும் ஒரு வாய் காப்பி கொடுத்ததாகத் தெரியவில்லை.

தூரத்துச் சொந்தம் ஒருத்தர்தான் அவரைக் கூட்டி வந்து இந்தக் குடிலில் விட்டார். கொடைக்கானலுக்கும் மேலே, பூம்பாறை தாண்டி, சரிவில் ஒட்டிக்கொண்டிருக்கிற ஓட்டு வீடு. ஒரு வாரம் இருந்து பார்ப்போம் என்று வந்தவர் தங்கிவிட்டார்.

சாமி எந்நேரமும் ஒரு பழுப்பு ஸ்வெட்டரும் குரங்குக் குல்லாவும் போட்டிருப்பார். அதனால் அக்கம்பக்கத்தில் அவருக்கு ஸ்வெட்டர் சாமி என்று பெயர். அதிகம் பேசமாட்டார். ஏதாவது உபதேசம் கிடைக்கும் என்று காரில் வந்து இறங்குகிறவர்கள் முக்கால்வாசி ஏமாந்துதான் போவார்கள்.

“என்ன கேக்கப் போறாங்க?” என்றார் சாமி.

அழகுமலை துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். அந்தக் குளிரில் அவருக்கு எங்கிருந்து வேர்த்ததோ.

“என்னை ஏன் குடுத்தீங்கன்னு.”

சாமி இப்போதுதான் திரும்பினார்.

விஷயம் இதுதான். அழகுமலைக்கு இரண்டு பெண்கள். மூத்தவள் வாசுகி, சின்னவள் சுகந்தி. அவருடைய அண்ணன் தங்கச்சாமிக்குத் திண்டுக்கல்லில் இரும்புக் கடை இருந்தது, மாடி வீடு இருந்தது, பிள்ளைதான் இல்லை. உனக்குத்தான் ரெண்டு இருக்கே, ஒண்ணைக் குடு என்றார் அண்ணன். அண்ணன் சொல்லி மறுத்துப் பேசிப் பழக்கமில்லை. தம்பி கொடுத்துவிட்டார்.

பத்திரமும் கிடையாது, சடங்கும் கிடையாது. நாலு வயதுச் சுகந்தியை ஒரு சாயங்காலம் தூக்கிக்கொண்டு போய் விட்டுவிட்டு வந்தார். அன்றிலிருந்து பெரியப்பா அப்பா ஆனார். பெற்ற அப்பா சித்தப்பா ஆனார். பிள்ளைக்கு அப்படிச் சொல்லிக் கொடுத்தார்கள், அதுவும் அப்படியே கூப்பிட்டது.

அண்ணன் போன வருஷம் தவறிவிட்டார். சுகந்திக்கும் இப்போது ஒரு மகள் இருக்கிறாள். போன் செய்து கேட்டபோது அவள் சத்தம் போடவில்லை, அழவில்லை. அதுதான் அழகுமலையைப் போட்டு வாட்டியது.

“என் பிள்ளைக்கு இப்ப அந்த வயசு சித்தப்பா” என்றாள். “அதத் தூங்க வைக்கும்போதெல்லாம் இதே யோசனைதான். அக்காவ வச்சுக்கிட்டு என்னை ஏன் குடுத்தீங்க? இப்பச் சொல்ல வேண்டாம். நேர்ல வர்றேன்.”

இதையெல்லாம் சொல்லி முடித்துவிட்டு அழகுமலை அடுப்பையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“உங்களுக்குப் பதில் தெரியாதா?” என்றார் சாமி.

“தெரியும் சாமி.”

“அப்புறம் என்ன?”

“அது நல்லா இல்ல.”

“அப்ப உங்களுக்குப் பதில் வேண்டாம். நல்ல பதில் வேணும்.”

“ஆமா சாமி” என்று ஒத்துக்கொண்டார் அழகுமலை. “அவ கேட்டுட்டு நிம்மதியாத் திரும்பிப் போற மாதிரி ஒண்ணு. எனக்கும் அத விட்டா வேற என்ன பாக்கி இருக்கு?”

சாமி எழுந்து பரணில் கையை விட்டுத் துழாவினார். ஒரு காகிதப் பொட்டலத்தை எடுத்து நீட்டினார்.

“என்ன சாமி இது?”

“கேரட் விதை. பின்பக்கம் ஒரு பாத்தி போடுங்க. ஆடி முடியப் போகுது. இப்ப போட்டா உங்க மக வர்ற நேரத்துக்குச் சரியா இருக்கும்.”

“பதில்?”

“கேரட் வரட்டும்.”

அழகுமலை பொட்டலத்தை வாங்கிக்கொண்டு வாசலைத் தாண்டும்போது சாமி பின்னாலிருந்து சொன்னார்.

“போட்டுட்டு, இருந்த இடத்துல விட்டுருங்க.”

காதில் விழுந்தது. மண்டையில் ஏறவில்லை. வைகைப் பாசனத்தில் பிறந்து, வயலிலேயே நரைத்தவரிடம் போய்ப் பயிர் வைப்பது எப்படி என்று சொன்னால் ஏறுமா? சரி சரி என்று தலையாட்டிவிட்டு மண்வெட்டியைத் தேடப் போனார்.

வேலை செய்தார், அதில் குறை சொல்ல முடியாது. மண்ணை ஒரு முழ ஆழத்துக்குக் கொத்திப் புரட்டினார். கல்லைப் பொறுக்கி வேலியோரம் குவித்தார். மட்கிய சாணியை உதிர்த்துப் போட்டார். பாத்தியைக் கயிறு பிடித்து நேராக இழுத்தார். சம்மணம் போட்டு உட்கார்ந்து வரப்பைக் கையாலேயே மெழுகினார்.

ஆனால் விதையைப் பாத்தியில் போடவில்லை.

தனியாக மூலையில் ஒரு சாண் அகலத்துக்கு நாற்றங்கால் போட்டார். சீரகம் போல இருந்த விதையை மணலில் கலந்து அங்கே தூவினார். மேலே பொடி மண்ணைத் தூவி, பூவாளியால் தண்ணீர் தெளித்தார்.

கேரட் முளைப்பதற்கு அவசரப்படாது. அழகுமலை அவசரப்பட்டார். விடிந்ததும் போய்க் குனிந்து பார்ப்பார்.

“முளைக்கக் காணோமே சாமி. விதை பழசோ?”

“இருக்கும்.”

“வேற விதை வாங்கலாமா?”

“வாங்கலாம்.”

“இல்ல, இன்னும் கொஞ்சம் பார்ப்போம்.”

“பாருங்க.”

இப்படிப் பேசினால் மனுஷனுக்கு எரிச்சல் வருமா வராதா? அழகுமலை முணுமுணுத்துக்கொண்டே தண்ணீர் ஊற்றினார். ஆவணி பிறந்து கொஞ்ச நாளில் நாற்றங்கால் முழுக்கப் பச்சை மயிர் போல முளைத்து நின்றது. அன்றைக்கு அவர் இரண்டு டம்ளர் டீ கூடுதலாகக் குடித்தார்.

பயிர் விரல் உயரம் வந்ததும் ஒரு சாயங்காலம் நாற்றைப் பிடுங்கத் தொடங்கினார்.

சாமி டீ டம்ளரோடு பின்பக்கம் வந்து நின்றார்.

“என்ன செய்றீங்க பெரியவரே?”

“நடவு சாமி.”

“யார் நடச் சொன்னா?”

“இதுக்கு யார் சொல்லணும்? எங்க பக்கம் எதையும் பிடுங்கி நட்டாத்தான் பயிரு. நெல்லு, மிளகா, கத்திரி, எல்லாம் அப்படித்தான். முளைச்ச இடத்துலயே கிடந்தா ஒண்ணை ஒண்ணு நெருக்கிச் சவலையாப் போயிரும். எடுத்து நல்ல மண்ணுல தள்ளித் தள்ளி வச்சாத்தான் செழிக்கும்.”

சாமி ஒரு வாய் டீ குடித்தார்.

அழகுமலைக்குக் கை ஓடிக்கொண்டிருந்தது. வாயும் ஓடியது. பல நாளைக்குப் பிறகு அவருக்குத் தெரிந்த வேலை கையில் கிடைத்திருக்கிறது.

“இதுல ஒரு பக்குவம் இருக்கு சாமி. உச்சி வெயில்ல நடக் கூடாது, வாடிரும். பொழுது சாயுற நேரம் பார்த்து, தண்ணிய ஊத்தி, மண்ணு நல்லா இளகினப்புறம் மெல்லத் தூக்கணும். தூக்கின கையோட வச்சிரணும். பிடுங்கினதே செடிக்குத் தெரியாது.”

“தெரியாதா?”

“தெரியவே தெரியாது.”

சாமி ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். அழகுமலை நிமிர்ந்து பார்த்துச் சிரித்தார். முகமெல்லாம் மண், முகமெல்லாம் சந்தோஷம். சாமி வாயை மூடிக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

நட்டது முதல் இரண்டு நாள் தலை சாய்ந்து கிடந்தது. அழகுமலை தழை ஒடித்து நிழல் கட்டினார். மூன்றாம் நாள் ஒவ்வொன்றாகத் தலை நிமிர்ந்தது. நாற்றங்காலில் மிச்சம் மீதி நின்ற நாலைந்தை அவர் கண்டுகொள்ளவே இல்லை. அதை எதற்குப் பிடுங்க என்று விட்டுவிட்டார்.

புரட்டாசியில் பாத்தியைப் பார்க்க வேண்டுமே. பசேல் என்று முழங்கால் உயரத்துக்கு இலை பின்னிக்கொண்டு நின்றது. குடிலுக்கு வந்தவர்கள் சாமியைப் பார்க்கிறார்களோ இல்லையோ, பின்பக்கம் போய்ப் பாத்தியைப் பார்த்தார்கள்.

“கேரட்டா இது? கொத்தமல்லித் தோட்டம்னுல்ல நினைச்சேன்” என்றார் ஒருத்தர்.

“இலையே இப்படின்னா கீழ எப்படி இருக்கும்” என்றார் இன்னொருத்தர்.

மதுரையிலிருந்து வந்த ஒரு பெண், பாத்தியைப் போட்டோ எடுக்க வேண்டும் என்று இடுப்புப் பிள்ளையை அழகுமலையிடம் நீட்டினாள். அவர் வாங்கிக்கொண்டார். எங்கே பிடிப்பது, எங்கே தாங்குவது என்று தெரியவில்லை. நெல் மூட்டையைப் பிடிப்பது போல இரண்டு கையாலும் முன்னால் பிடித்துக்கொண்டு நின்றார். பிள்ளை வீறிட்டது.

“என்ன தாத்தா, உங்களுக்குப் பிள்ளைங்க இல்லையா?” என்றாள் அவள், பிள்ளையை வாங்கிக்கொண்டு.

“ரெண்டு பேரு. ஆனா தூக்கினதில்லம்மா. எங்க வீட்டுல அய்யாவும் அண்ணனும் இருப்பாங்க. பெரியவங்க முன்னாடி பெத்த பிள்ளையத் தூக்கிக் கொஞ்சினா மரியாதை இல்லம்பாங்க. தள்ளி நின்னு பார்த்துக்கிட்டுப் போயிருவோம்.”

அந்தப் பெண் இந்தக் கூத்தை எங்கேயும் கேட்டதில்லை போல. சிரித்துவிட்டுப் போனாள்.

அன்று ராச்சோற்றுக்கு உட்காரும்போது அழகுமலை சொன்னார்.

“சாமி, பதில் கிடைச்சிருச்சு.”

“சொல்லுங்க.”

“அவ வந்ததும் இந்தப் பாத்தியக் கொண்டுபோய்க் காட்டுவேன். பாரும்மா, நாத்தங்கால்லயே கிடந்திருந்தா இது சவலையாப் போயிருக்கும். எடுத்து நல்ல மண்ணுல வச்சேன், எப்படி வந்துருக்கு பாரு. உன்னையும் அப்படித்தான் வச்சேன். பெரிய பள்ளிக்கூடத்துல படிச்ச, உத்தியோகம் பார்க்கற, நல்ல இடத்துல வாக்கப்பட்ட. உங்க அக்காவப் பாரு, இன்னும் அந்த ஊருல இட்லிக் கடைதானே வச்சிருக்கான்னு சொல்லுவேன். சரிதானே சாமி?”

“உங்க மக நல்லா வந்திருக்காங்களா?”

“எல்லாரும் அப்படித்தான் சொல்றாங்க.”

“எல்லாரும்னா?”

“அண்ணன் சொன்னாரு. அண்ணி சொன்னாங்க. கல்யாணத்துக்கு வந்த சனம் முழுக்கச் சொல்லுச்சு.”

“அவங்க?”

“யாரு?”

“உங்க மக.”

அழகுமலை சோற்றைப் பிசைந்துகொண்டே இருந்தார்.

“அவகிட்ட நான் கேட்டதில்ல சாமி” என்றார்.

சாமி ரசத்தை ஊற்றினார். அழகுமலை அந்தக் கேள்வியைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அதுதான் பாத்தி இருக்கிறதே, பாத்தி சொல்லிவிடும் என்று படுத்துத் தூங்கினார். நல்ல தூக்கம்.

தீபாவளி முடிந்தது. மழை விட்டு விட்டுப் பெய்தது. மத்தியான பஸ்ஸில் வருகிறேன் என்று சுகந்தி போன் செய்தாள்.

அழகுமலை காலையிலேயே குளித்து, துவைத்த வேட்டி கட்டி, கேரட் பிடுங்கப் போனார். சாம்பாருக்குக் கொஞ்சம், பொரியலுக்குக் கொஞ்சம், மகள் கொண்டுபோக ஒரு பை நிறைய. கணக்கெல்லாம் போட்டு வைத்திருந்தார்.

இலையைக் கொத்தாகப் பிடித்து முதல் செடியை இழுத்தார்.

வந்தது. காலை அகட்டி நிற்கிற ஆள் போல இரண்டாகப் பிரிந்து வந்தது.

சரி, ஒன்றிரண்டு அப்படி இருக்கும் என்று அடுத்ததை இழுத்தார். அதற்கு மூன்று கால். அதற்கடுத்தது கயிறு போல ஒன்றையொன்று முறுக்கிக்கொண்டு வந்தது. வரிசை முழுக்க இழுத்தார். அடுத்த வரிசையையும் இழுத்தார். பாத்தியில் நேரான கேரட் ஒன்றுகூட இல்லை. அத்தனையும் கோணல், அத்தனையும் கவட்டை.

துவைத்த வேட்டியோடு அந்தச் சேற்றிலேயே உட்கார்ந்துவிட்டார்.

பிறகு அவர் செய்ததைச் சொன்னால் சிரிப்பீர்கள். எல்லாவற்றையும் அவசர அவசரமாக அள்ளி ஒரு சாக்கில் போட்டு, அதன் வாயைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டார். பொடியாக நறுக்கிவிட்டால் யாருக்குத் தெரியப்போகிறது என்று நினைத்தார். சாக்கைத் தூக்கிக்கொண்டு எழுந்தபோது சாமி முன்னால் நின்றுகொண்டிருந்தார்.

“மண்ணுல கல்லு போல சாமி” என்றார் அழகுமலை.

“கல்லை நீங்கதானே பொறுக்கினீங்க.”

“எரு கூடிப்போச்சோ?”

சாமி மூலைக்குப் போனார். அங்கே பழைய நாற்றங்காலில் அழகுமலை பிடுங்காமல் விட்ட நாலைந்து செடி நின்றது. இலை ஒன்றும் பிரமாதம் இல்லை. யாரும் போட்டோ எடுக்காத செடி. ஒன்றைப் பிடித்து மெல்ல இழுத்தார்.

விரல் போல நேராக வந்தது. அடியில் நூல் போல ஒரு வால் நீண்டு தொங்கியது.

“இந்த நூலு தெரியுதா பெரியவரே?”

“தெரியுது.”

“முளைக்கும்போது இதுதான் முதல்ல கீழ போகுது. செடி விரல் உயரம் இருக்கும்போது இது கண்ணுக்கே தெரியாது. எவ்வளவு மெல்லத் தூக்கினாலும் அறுந்துரும். அறுந்த இடத்துல இருந்து ரெண்டாவோ மூணாவோ பிரிஞ்சு போகும்.”

“மேல ஒண்ணுமே தெரியலையே சாமி. இலை அவ்வளவு நல்லா இருந்துச்சே.”

“மேல தெரியாது.”

அழகுமலைக்குச் சட்டென்று கோபம் வந்தது.

“நான் நடும்போது நீங்க டீ குடிச்சுக்கிட்டு நின்னு பார்த்தீங்க. ஒரு வார்த்தை தடுத்திருக்கலாம்ல?”

“தடுத்திருக்கணும்” என்றார் சாமி.

அழகுமலை இந்தப் பதிலை எதிர்பார்க்கவில்லை.

“வாய் வரைக்கும் வந்துச்சு. நீங்க நிமிர்ந்து சிரிச்சீங்க. இவ்வளவு சந்தோஷமா இருக்காரே, கெடுக்க வேண்டாம்னு உள்ள போயிட்டேன். அது என் தப்புதான் பெரியவரே.”

அழகுமலை சாக்கைக் கீழே வைத்தார். கோபம் போன இடம் தெரியவில்லை. அந்த இடத்தில் வேறொன்று வந்து உட்கார்ந்துகொண்டது.

“அவளும் அப்படித்தான் நின்னா சாமி.”

“யாரு?”

“வேலம்மா. நான் பிள்ளையத் தூக்கிக்கிட்டுக் கிளம்புறப்ப நிலைப்படியில நின்னா. வாயைத் திறந்தா. நான் அவ மூஞ்சிய நிமிர்ந்து பார்க்கல. அண்ணன் கேட்டுட்டாரு, நம்மால ஒரு காரியம் ஆகுதுன்னு எனக்கு அன்னிக்கு அவ்வளவு பெருமை. சாகுற வரைக்கும் அவ அதப் பத்திப் பேசவே இல்ல. நானும் அவள ஒரு வார்த்தை கேட்கல. கேட்டிருக்கணும் சாமி. கேட்காமயே அவள அனுப்பிட்டேன்.”

தூறல் போட்டது. இருவரும் நகரவில்லை.

“நல்லா இல்லாத பதில் ஒண்ணு இருக்குன்னீங்களே” என்றார் சாமி. “அது என்ன?”

அழகுமலை நாற்றங்கால் பக்கம் பார்த்துக்கொண்டே சொன்னார்.

“அண்ணன் எந்தப் பிள்ளைன்னு சொல்லல. ரெண்டுல ஒண்ணுன்னுதான் சொன்னாரு. அன்னிக்குப் பொழுது சாயுற நேரம். பெரியவ முழிச்சிருந்தா, அவ அம்மா சேலையக் கெட்டியாப் பிடிச்சுக்கிட்டு நின்னா. சின்னவ பாயில தூங்கிக்கிட்டிருந்தா. தூங்குற பிள்ளையத் தூக்குறது சுலபம். அழாது, தெரியாது. தோள்ல போட்டுக்கிட்டுப் பஸ் ஏறிட்டேன். அதான் சாமி. வேற ஒரு காரணமும் இல்ல. அவ இத்தனை வருஷம் யோசிச்சுக்கிட்டு இருந்திருக்கா. நான் எப்படி இதப் போய்ச் சொல்றது?”

“தெரியல பெரியவரே.”

“கேரட் வரட்டும்னீங்களே.”

சாமி குனிந்து சாக்கிலிருந்து ஒரு கவட்டைக் கேரட்டை எடுத்தார். ஸ்வெட்டர் கையில் மண்ணைத் துடைத்தார். பிளவில் வைத்து முறித்து, ஒரு காலைத் தான் கடித்தார். இன்னொரு காலை அழகுமலையிடம் நீட்டினார்.

அழகுமலை கடித்தார்.

“இனிக்குதா?”

“இனிக்குது” என்றார். சொல்லும்போதே கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

கீழே ரோட்டில் பஸ் ஹாரன் கேட்டது.

சாமி சாக்கைத் தூக்கிக்கொண்டு முன்பக்கம் போனார். வாசற்படியில் நின்று அடியைப் பிடித்துக் கவிழ்த்தார். அத்தனை கோணல் கேரட்டும் படி நெடுக உருண்டு கிடந்தது. பிறகு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்.

அழகுமலை அள்ளலாமா என்று பார்த்தார். அதற்குள் குடையோடு ஒருத்தி மேட்டில் ஏறி வருவது தெரிந்தது.

சுகந்தி தனியாகத்தான் வந்தாள். புடவைக்கு மேல் சால்வை போர்த்தியிருந்தாள். மூச்சு வாங்கியது. குடையை மடக்கிச் சுவரில் சாய்த்தாள்.

“வாம்மா” என்றார்.

“நல்லா இருக்கீங்களா சித்தப்பா?”

“இருக்கேன். நீ நல்லா இருக்கியாம்மா?”

வழக்கமாக எல்லோரும் கேட்பதுதான். ஆனால் இந்தத் தடவை அவர் கேட்டுவிட்டுப் பதிலுக்காக அவள் முகத்தைப் பார்த்துக்கொண்டே நின்றார். அவளுக்கு அது புதிதாக இருந்திருக்க வேண்டும். பார்வையைக் கீழே இறக்கினாள். படியில் கிடந்த கேரட்டைப் பார்த்தாள். உட்கார்ந்து ஒன்றை எடுத்தாள்.

“இது ஏன் சித்தப்பா இப்படி இருக்கு?”

மண் நல்லா இல்லம்மா என்று சொல்லியிருக்கலாம். மழை என்று சொல்லியிருக்கலாம். இரண்டும் நாக்கு வரைக்கும் வந்தது. அழகுமலை இரண்டு படி தள்ளி உட்கார்ந்தார்.

“நான் பிடுங்கி நட்டுட்டேன்மா. முளைச்ச இடத்துலயே விட்டிருக்கணும்.”

அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

“உன்னையும் அப்படித்தான் பண்ணிட்டேன்” என்றார். நிறுத்தினால் பிறகு சொல்ல முடியாது என்று தெரிந்து ஒரே மூச்சில் சொன்னார். “உனக்குச் சொல்ல ஒரு நல்ல காரணம் தேடினேன் தாயி. கிடைக்கல. உங்க அக்கா முழிச்சிருந்தா. நீ தூங்கிக்கிட்டிருந்த. அவ்வளவுதான். தூங்குற பிள்ளைக்குத் தெரியாதுன்னு நினைச்சுத் தூக்கிட்டேன். தப்புப் பண்ணிட்டேன்.”

சுகந்தி கையிலிருந்த கேரட்டின் பிளவில் ஒட்டியிருந்த மண்ணைக் கட்டை விரலால் வழித்துக்கொண்டிருந்தாள். மண் போன பிறகும் வழித்துக்கொண்டிருந்தாள்.

“நான் தூங்கல” என்றாள்.

அழகுமலைக்கு விளங்கவில்லை.

“நீங்க தூக்கினதுமே முழிச்சிட்டேன். அதுக்கு முன்னாடி நீங்க என்னைத் தூக்கினதே இல்லையே. கண்ணைத் திறந்தா எங்க இறக்கி விட்டுருவீங்களோன்னு இறுக்க மூடிக்கிட்டேன்.”